காணாப் பகையும் காக்கும் உடலும்

நுழையும்முன்

நம் உடல் ஒவ்வொரு நாளும் எண்ணற்ற நுண்ணுயிரிகளை எதிர்கொள்கிறது. அவற்றுள் பெரும்பாலானவற்றை நாம் அறிவதே இல்லை. முன்பின் கண்டிராத பகையை உடல் எவ்வாறு அடையாளம் காண்கிறது? ஒருமுறை வென்ற பகையை எவ்வாறு பல்லாண்டுகள் நினைவில் வைத்திருக்கிறது? தன்னைத் தானே தாக்கிக்கொள்ளாமல் எவ்வாறு அடங்கி நிற்கிறது? இவ்வினாக்களுக்கு விடைதேடி அறிவியலாளர் படைத்த கோட்பாடுகளையும் அவற்றால் விளைந்த பயன்களையும் இப்பாடம் விளக்குகிறது.

ஒருமுறை வந்தால் மறுமுறை இல்லை

சின்னம்மை கண்ட குழந்தை இருக்கும் வீட்டின் வாயிலில் வேப்பிலை செருகுவது தமிழர் வழக்கம். அவ்வீட்டில் குழந்தையின் அருகிலிருந்து பணிவிடை செய்பவர் பெரும்பாலும் முன்னரே அம்மை கண்டு தேறியவராக இருப்பார். “எனக்கு முன்பே போட்டுவிட்டது, இனி வராது” என்று அவர் துணிவுடன் கூறுவார். இத்துணிவு பட்டறிவின் பயன்.

இதே பட்டறிவைக் கிரேக்க வரலாற்றாசிரியர் துசிடிடீஸ் எழுத்தில் பதிவு செய்துள்ளார். கி.மு. 430இல் ஏதென்சு நகரில் கொள்ளைநோய் பரவியது. அந்நோயிலிருந்து மீண்டவர்களே பிற நோயாளிகளைப் பரிவுடன் கவனித்தனர் என்றும், அவர்களை அந்நோய் மீண்டும் உயிர்போகும் அளவிற்குத் தாக்கவில்லை என்றும் அவர் குறிப்பிடுகிறார். மக்கள் உண்மையை அறிந்திருந்தனர்; ஆனால் காரணத்தை அறிந்திருக்கவில்லை.

காரணம் அறியாமலேயே அவ்வுண்மையைப் பயன்படுத்தியவர் இங்கிலாந்து மருத்துவர் எட்வர்டு ஜென்னர். பால் கறக்கும் பெண்களுக்குப் பசுவம்மை வந்துவிட்டால் பெரியம்மை வருவதில்லை என்னும் ஊர்ப்பேச்சை அவர் கருத்தில் கொண்டார். 1796ஆம் ஆண்டு மே 14ஆம் நாள் சாரா நெல்ம்ஸ் என்ற பெண்ணின் கையில் இருந்த பசுவம்மைக் கொப்புளத்தின் நீரை எடுத்து, ஜேம்ஸ் பிப்ஸ் என்ற எட்டு வயதுச் சிறுவனின் கையில் கீறிச் செலுத்தினார். சில வாரங்கள் கழித்துப் பெரியம்மைக் கொப்புளத்தின் நீரையும் செலுத்திப் பார்த்தார். சிறுவனுக்குப் பெரியம்மை வரவில்லை. ஒரு குழந்தையின் உயிரைப் பணயமாக வைக்கும் இத்தகைய சோதனையை இன்றைய மருத்துவ அறம் ஏற்காது. எனினும் தடுப்பூசியின் வரலாறு அங்கிருந்தே தொடங்குகிறது.

செல்லா? நீர்மமா?

பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் நோய்களுக்கு நுண்ணுயிரிகளே காரணம் என்பது நிறுவப்பட்டது. அதன்பின், ‘உடலில் அவற்றை எதிர்த்து நிற்பது எது?’ என்ற வினா எழுந்தது. இதற்கு இரண்டு விடைகள் கிடைத்தன.

முதல் விடையைத் தந்தவர் உருசிய விலங்கியல் அறிஞர் எலி மெட்ச்னிகாஃப். 1882இல் இத்தாலியின் மெசினா நகரில் தங்கியிருந்த அவர், கண்ணாடி போன்ற உடல் கொண்ட நட்சத்திரமீனின் இளவுயிரியில் ஒரு முள்ளைக் குத்தி வைத்தார். மறுநாள் காலையில் நுண்ணோக்கியின் வழியே பார்த்தபோது, அலைந்து திரியும் செல்கள் பல அம்முள்ளைச் சூழ்ந்து நிற்பதைக் கண்டார். அயற்பொருளைச் சூழ்ந்து விழுங்கும் இச்செல்களே உடலின் காவலர்கள் என்று அவர் முடிவு செய்தார். இதுவே செல்விழுங்கல் கோட்பாடு.

இரண்டாம் விடை பெர்லினிலிருந்து வந்தது. 1890இல் எமில் வான் பெரிங், கிட்டசாட்டோ சிபசாபுரோ ஆகிய இருவரும் டெட்டனசு நச்சினைத் தாங்கப் பழக்கப்பட்ட விலங்கின் இரத்த ஊநீரைப் பிறிதொரு விலங்கிற்குச் செலுத்தினர். அவ்விலங்கும் அந்நச்சிலிருந்து பிழைத்தது. செல்கள் நீக்கப்பட்ட தெளிந்த நீர்மத்திலேயே காக்கும் பொருள் இருப்பது புலனாயிற்று. அப்பொருளையே இன்று எதிர்ப்பொருள் என்கிறோம். குழந்தைகளின் மூச்சை அடைத்துக் கொன்றுவந்த தொண்டை அடைப்பான் நோய்க்கு இம்முறையில் ஊநீர் மருந்து உருவாயிற்று.

செல்லே முதன்மை என்போரும் நீர்மமே முதன்மை என்போரும் பல்லாண்டுகள் வழக்காடினர். 1908ஆம் ஆண்டு மருத்துவத்திற்கான நோபல் பரிசு, செல்விழுங்கலைக் கண்ட மெட்ச்னிகாஃபுக்கும் எதிர்ப்பொருளை ஆராய்ந்த பால் எர்லிக்கிற்கும் பகிர்ந்தளிக்கப்பட்டது. இரு தரப்பும் உண்மையின் ஒவ்வொரு பாதியைக் கண்டிருந்தன என்பதைக் காலம் உணர்த்தியது. விழுங்கும் செல்கள் உடனே போரிடும் பிறவித் தடுப்பாற்றலைச் சார்ந்தவை. எதிர்ப்பொருளோ பகைக்கேற்ப உருவாகி நினைவில் நிற்கும் பெறப்பட்ட தடுப்பாற்றலைச் சார்ந்தது.

தெரிந்து தெளிவோம்
எதிர்ப்பொருள் உருவாவதைத் தூண்டும் அயற்பொருள், எதிர்ப்பொருள் தூண்டி அல்லது ஆன்டிஜென் எனப்படும். எதிர்ப்பொருள் என்பது பி செல்கள் உருவாக்கும் புரதம். அதன் நுனி, குறிப்பிட்ட ஓர் ஆன்டிஜெனுடன் பொருந்தும் வடிவம் உடையது.

பூட்டு முந்தியதா? சாவி முந்தியதா?

எதிர்ப்பொருள் ஒவ்வொன்றும் தனக்குரிய ஆன்டிஜெனுடன் மட்டும் பொருந்துகிறது. பூட்டுக்கு ஏற்ற சாவி போல. அப்படியாயின் பூட்டைக் காணும் முன்பே சாவி ஆயத்தமாக இருந்ததா? பூட்டைக் கண்டபின் அதற்கேற்பச் சாவி வார்க்கப்பட்டதா?

எர்லிக் முதற்கருத்தின் பக்கம் நின்றார். செல்லின் மேற்பரப்பில் பலவகை ஏற்பிகள் இயல்பாகவே உள்ளன. நச்சு வந்து அவற்றுள் ஒன்றைப் பற்றினால் செல் அவ்வகை ஏற்பியை மிகுதியாக உருவாக்கி இரத்தத்தில் விடுகிறது என்றார். இது பக்கச்சங்கிலிக் கோட்பாடு எனப்பட்டது.

இக்கோட்பாட்டிற்கு இடையூறு வேறொரு திசையிலிருந்து வந்தது. இரத்த வகைகளைக் கண்டறிந்த கார்ல் லாண்ட்ஸ்டெய்னர், இயற்கையில் இல்லாத, ஆய்வகத்தில் செய்யப்பட்ட வேதிப்பொருள்களைப் புரதங்களுடன் இணைத்து விலங்குகளுக்குச் செலுத்தினார். அவற்றுக்கும் எதிர்ப்பொருள்கள் தோன்றின! உலகில் அதுவரை இல்லாத ஒரு பொருளுக்கு உடல் முன்னரே சாவி செய்து வைத்திருக்குமா என்ற ஐயம் வலுத்தது.

எனவே இரண்டாம் கருத்து செல்வாக்குப் பெற்றது. 1940இல் வேதியியல் அறிஞர் லைனஸ் பாலிங் அதற்குத் தெளிவான வடிவம் தந்தார். எதிர்ப்பொருளாகும் புரதம் முதலில் நெகிழ்வாக இருக்கிறது. ஆன்டிஜெனைச் சுற்றி மடிந்து அதன் வடிவத்திற்கேற்ப அமைகிறது என்றார். அச்சில் வார்க்கப்படும் மெழுகு போன்றது இது. கேட்டவுடன் ஏற்கத்தக்க எளிமை இக்கோட்பாட்டில் இருந்தது. ஆனால், இரண்டு உண்மைகளை அதனால் விளக்க இயலவில்லை. அச்சு நீங்கிய பின்னரும் உடல் பல்லாண்டுகள் எதிர்ப்பொருளை உருவாக்குவது எப்படி? அதே ஆன்டிஜென் இரண்டாம் முறை வரும்போது விளைவு முன்னிலும் விரைவாகவும் வலிதாகவும் இருப்பது ஏன்? அச்சுக்கு நினைவு இல்லை. உடலுக்கு நினைவு உண்டு.

குளோன் தேர்வுக் கோட்பாடு

1955இல் டென்மார்க் அறிஞர் நீல்ஸ் ஜெர்னே பழைய கருத்தைப் புதிய வடிவில் மீட்டெடுத்தார். எதிர்ப்பொருள்கள் எல்லா வடிவங்களிலும் சிறிதளவு முன்னரே உள்ளன. ஆன்டிஜென் தனக்குப் பொருந்துவதைத் தேர்ந்தெடுக்கிறது என்றார். தேர்வு செய்யப்படுவது எதிர்ப்பொருளன்று. அதனை உருவாக்கும் செல்லே என்று 1957இல் ஆஸ்திரேலிய அறிஞர் பிராங்க் மாக்ஃபர்லேன் பர்னெட் அதனைத் திருத்தினார். அதே ஆண்டில் அமெரிக்க அறிஞர் டேவிட் டால்மேஜும் இத்தகைய கருத்தைத் தனித்து முன்வைத்தார். பர்னெட் சூட்டிய பெயரே நிலைத்தது. அது குளோன் தேர்வுக் கோட்பாடு.

இக்கோட்பாட்டின் கூறுகள் நான்கு.

1. உடலில் உள்ள நிணநீர்ச் செல்கள் ஒவ்வொன்றும் ஒரே ஒரு வகை ஏற்பியை மட்டும் தாங்கி நிற்கின்றன.
2. ஆன்டிஜென் உடலில் நுழைந்ததும் அதனுடன் பொருந்தும் ஏற்பியை உடைய செல் மட்டும் விழித்தெழுகிறது.
3. அச்செல் மீண்டும் மீண்டும் பிரிந்து தன்னையொத்த செல்களின் கூட்டத்தை, அதாவது குளோனை, உருவாக்குகிறது. அவற்றுட் சில எதிர்ப்பொருளைச் சுரக்கின்றன; சில நினைவுச் செல்களாக நெடுங்காலம் வாழ்கின்றன.
4. உடலின் சொந்தப் பொருள்களோடு பொருந்தும் செல்கள் தொடக்கத்திலேயே அகற்றப்படுகின்றன.

உழவர் விதைநெல்லைத் தேர்வதோடு இதனை ஒப்பிடலாம். உழவர் நெல்லின் வடிவத்தைச் செய்வதில்லை. விளைந்தவற்றுள் ஏற்றதைத் தேர்ந்து பெருக்குகிறார். ஆன்டிஜெனும் எதிர்ப்பொருளைச் செய்வதில்லை. இருப்பவற்றுள் பொருந்துவதைத் தேர்ந்து பெருகச் செய்கிறது. உயிரினங்களுக்கு டார்வின் கூறிய இயற்கைத் தேர்வு, ஓர் உடலுக்குள்ளேயே சில நாள்களில் நிகழ்கிறது.

கோட்பாடு அழகாக இருப்பது மட்டும் போதாது. அது சோதனையில் நிற்க வேண்டும். 1958இல் கஸ்டாவ் நாசல், ஜோசுவா லெடர்பெர்க் ஆகியோர் இரண்டு வகைப் பாக்டீரியாக்களின் ஆன்டிஜென்களை எலிகளுக்குச் செலுத்தினர். பின் அவற்றின் செல்களைத் தனித்தனியே பிரித்து, நுண்துளிகளில் வைத்து ஆராய்ந்தனர். ஒரு செல் ஒரு வகைப் பாக்டீரியாவிற்குரிய எதிர்ப்பொருளை மட்டுமே சுரந்தது. ‘ஒரு செல், ஓர் எதிர்ப்பொருள்’ என்னும் கருத்து உறுதி பெற்றது.

இருபதாயிரமும் எண்ணிலியும்

ஆயினும் ஒரு புதிர் எஞ்சியிருந்தது. புரதங்களை உருவாக்கும் மரபணுக்கள் மனிதனிடம் ஏறத்தாழ 20,000 மட்டுமே உள்ளன. எதிர்ப்பொருள் வகைகளோ கோடிக்கணக்கானவை. ஒவ்வொன்றிற்கும் ஒரு மரபணு என்றால் இடம் போதாதே!

இப்புதிரை அவிழ்த்தவர் ஜப்பானிய அறிஞர் சுசுமு டோனெகாவா. எதிர்ப்பொருளுக்குரிய மரபணு முழுமையாக இல்லாமல் துண்டு துண்டாக இருப்பதையும், நிணநீர்ச் செல் முதிரும்போது அத்துண்டுகள் புதிய வரிசையில் இணைவதையும் 1976இல் அவர் வெளிப்படுத்தினார். இதற்காக 1987இல் நோபல் பரிசு பெற்றார்.

இதன் கணக்கு எளியது. எதிர்ப்பொருளின் கனத்த சங்கிலிக்கு மூவகைத் துண்டுகள் உள்ளன. அவை ஏறத்தாழ 40, 23, 6 என்னும் எண்ணிக்கையில் அமைந்துள்ளன. வகைக்கு ஒன்றாக எடுத்தால் 40 × 23 × 6 = 5,520 சேர்க்கைகள் கிடைக்கும். இலகு சங்கிலிகளுள் ஒருவகைக்கு ஏறத்தாழ 35 × 5 = 175 சேர்க்கைகள். இரண்டையும் பெருக்கினால் எண்ணிக்கை பத்து இலட்சத்தை நெருங்குகிறது. துண்டுகள் இணையும் இடங்களில் நேரும் சிறுசிறு மாற்றங்கள் அதனை மேலும் பன்மடங்காக்குகின்றன. இருநூற்று நாற்பத்தேழு எழுத்துகளைக் கொண்டு எண்ணிலாச் சொற்களைத் தமிழ் ஆக்கிக்கொள்வதை இங்கு எண்ணிப் பார்க்கலாம். இதுவரை எவரும் கண்டிராத வேதிப்பொருளுக்கும் சாவி ஒன்று காத்திருப்பது இதனால்தான்.

தன்னை அறிதல்

எதையும் தாக்கவல்ல படை தன் நாட்டையே தாக்காமல் இருப்பது எவ்வாறு? இவ்வினா இரண்டாம் உலகப்போர்க் காலத்தில் மருத்துவமனைகளில் எழுந்தது. தீக்காயம் அடைந்தவர்களுக்குப் பிறரது தோலை ஒட்டினால் அது சில நாள்களில் உதிர்ந்தது. அதே கொடையாளரின் தோலை இரண்டாம் முறை ஒட்டினால் முன்னிலும் விரைவாக உதிர்ந்தது. உதிர்வு தடுப்பாற்றலின் செயலே என்பதை ஆங்கிலேய அறிஞர் பீட்டர் மெடாவர் கண்டறிந்தார். விரைவு, நினைவின் அடையாளம் அன்றோ!

1945இல் ரே ஓவன் என்பவர், கருப்பையில் இரத்த ஓட்டத்தைப் பகிர்ந்துகொண்ட இரட்டைக் கன்றுகளின் உடலில் ஒன்றின் இரத்தச் செல்கள் மற்றொன்றில் எதிர்ப்பின்றி வாழ்வதைக் கண்டிருந்தார். இதிலிருந்து, கருவில் சந்தித்தவற்றை உடல் தன்னுடையவை என ஏற்கிறது என்று பர்னெட் ஊகித்தார். 1953இல் மெடாவரும் அவருடைய துணை ஆய்வாளர்களும் சுண்டெலிகளில் இதனை மெய்ப்பித்தனர். பர்னெட்டும் மெடாவரும் 1960இல் நோபல் பரிசைப் பகிர்ந்துகொண்டனர்.

தன்னையே தாக்கும் டி செல்கள் பெரும்பாலும் மார்பில் உள்ள தைமஸ் சுரப்பியில் அகற்றப்படுகின்றன. தப்பியவற்றை ஒழுங்குபடுத்தும் டி செல்கள் அடக்கி வைக்கின்றன. இதனை ஆராய்ந்த சிமோன் சகாகுச்சி, மேரி பிரங்கோவ், பிரெட் ராம்ஸ்டெல் ஆகியோருக்கு 2025ஆம் ஆண்டின் நோபல் பரிசு வழங்கப்பட்டது. இவ்வடக்கம் தவறும்போது உடலே உடலைத் தாக்குகிறது. கணையத்தின் இன்சுலின் செல்கள் அழிவதால் சிறார்க்கு வரும் முதல்வகை நீரிழிவு இத்தகையது.

எச்சரிக்கை மணி

அயலானவை அனைத்தையும் உடல் எதிர்க்கிறதா எனில், இல்லை. நாம் உண்ணும் உணவு அயற்பொருளே. குடலில் வாழும் பாக்டீரியாக்களும் அவ்வாறே. தாயின் வயிற்றில் வளரும் கரு, தந்தையின் மரபணுக்களையும் கொண்டது. இவற்றை உடல் பொறுத்துக்கொள்கிறது. எனவே, ‘இது எனதா?’ என்ற வினாவோடு வேறொரு வினாவும் கேட்கப்பட வேண்டும்.

நிணநீர்ச் செல்கள் செயற்படுவதற்கு முன் பிறவித் தடுப்பாற்றல் மணி அடிக்க வேண்டும் என்று 1989இல் சார்லஸ் ஜேன்வே கூறினார். நுண்ணுயிரிகளுக்கே உரிய சில வேதி அமைப்புகளை அறியும் ஏற்பிகள் நம் செல்களில் உண்டு என அவர் முன்னுரைத்தார். பின்னர் பழ ஈயிலும் சுண்டெலியிலும் அத்தகைய ஏற்பிகள் கண்டறியப்பட்டன. 1994இல் பாலி மாட்சிங்கர் இன்னொரு கருத்தை முன்வைத்தார். உடல் கவனிப்பது அயலையன்று, ஆபத்தையே. காயமுற்ற செல்கள் வெளியிடும் குறிப்புகளே மணியை ஒலிக்கச் செய்கின்றன என்றார். இக்கருத்துகளின் எல்லை பற்றிய விவாதம் இன்றும் தொடர்கிறது.

கோட்பாட்டிலிருந்து மருத்துவத்திற்கு

ஒரு கோட்பாட்டின் வலிமையை அதன் பயன்களில் காணலாம்.

முதலாவது, தடுப்பூசியின் தவணைகள். முதல் தவணை பொருந்தும் செல்லை எழுப்பி நினைவுச் செல்களை உருவாக்குகிறது. அடுத்த தவணைகள் அவற்றைப் பெருக்குகின்றன. தவணைகளை இடையில் நிறுத்துவது, நினைவை முழுமையாக்காமல் விடுவதாகும். ஆர்.என்.ஏ. தடுப்பூசியில் எச்சரிக்கை மணி தேவைக்கு மேல் ஒலிப்பது இடையூறாக இருந்தது. ஆர்.என்.ஏ.வின் ஓர் எழுத்தைச் சற்றே மாற்றி அதனைத் தணிக்கலாம் என்று கேட்டலின் கரிக்கோ, ட்ரூ வைஸ்மன் ஆகியோர் கண்டனர். இருவரும் 2023இல் நோபல் பரிசு பெற்றனர்.

இரண்டாவது, வெறிநாய்க்கடி மருத்துவம். 1885ஆம் ஆண்டு சூலை 6ஆம் நாள், வெறிநாயால் கடியுண்ட ஜோசப் மைஸ்டர் என்ற ஒன்பது வயதுச் சிறுவனுக்கு லூயி பாஸ்டர் தடுப்பு மருந்தளித்துக் காத்தார். இந்நோயின் நச்சுயிரி நரம்பு வழியே மெல்ல நகர்வதால், கடிபட்ட பின்னும் குளோன்கள் பெருகக் காலம் கிடைக்கிறது. ஆழமான கடியில் அக்காலம் போதாமற் போகலாம். எனவே ஆயத்த எதிர்ப்பொருளைக் காயத்தில் செலுத்தி, கூடவே தடுப்பூசியும் இடுகின்றனர். பெரிங்கின் ஊநீரும் பாஸ்டரின் தடுப்பூசியும் ஒரே நோயாளியின் உடலில் கைகோக்கின்றன. 1907இல் குன்னூரில் தொடங்கப்பட்ட பாஸ்டர் நிறுவனம் தென்னிந்தியாவில் இப்பணிக்கு முன்னோடியாக விளங்கியது.

மூன்றாவது, பச்சிளங் குழந்தையைக் காத்தல். ஆர்.எச். காரணி இல்லாத தாய், அக்காரணி உள்ள குழந்தையை ஈன்றெடுக்கும்போது குழந்தையின் இரத்தச் செல்கள் தாயின் உடலில் கலக்கலாம். தாயின் நினைவுச் செல்கள் அடுத்த குழந்தையின் இரத்தத்தைத் தாக்கும். பிரசவமான 72 மணி நேரத்திற்குள் ஆன்டி-டி என்னும் எதிர்ப்பொருளைத் தாய்க்குச் செலுத்தினால், அவருடைய செல்கள் விழித்தெழுவதில்லை. இங்கு மருத்துவம் செய்வது நினைவை உருவாக்குவதன்று, உருவாகாமல் தடுப்பது.

நான்காவது, ஒற்றைக்குளோன் எதிர்ப்பொருள். ஒரு செல் ஓர் எதிர்ப்பொருளையே தரும் என்றால், அச்செல்லை அழியாமல் வளர்த்தால் ஒரே வகை எதிர்ப்பொருள் வற்றாமல் கிடைக்குமன்றோ? 1975இல் ஜார்ஜ் கோலர், சீசர் மில்ஸ்டைன் ஆகியோர் எதிர்ப்பொருள் சுரக்கும் செல்லைப் புற்றுச்செல்லுடன் இணைத்து இதனைச் செய்து காட்டினர். கருவுறுதலை அறியும் சோதனை அட்டை முதல் புற்றுநோய் மருந்துகள் வரை இதன் பயன்கள் விரிந்துள்ளன.

ஐந்தாவது, புற்றுநோய் மருத்துவம். டி செல்களை அடக்கும் தடைகளைச் சில புற்றுச்செல்கள் தமக்குச் சாதகமாக்கிக்கொள்கின்றன. அத்தடைகளை எதிர்ப்பொருளால் நீக்கினால் டி செல்கள் மீண்டும் போரிடும். இதனைக் கண்ட ஜேம்ஸ் ஆலிசன், தசுகு ஹோஞ்சோ ஆகியோர் 2018இல் நோபல் பரிசு பெற்றனர். தடை நீங்கிய செல்கள் சிலரது நல்ல உறுப்புகளையும் தாக்குவதுண்டு. ஆதலால் இம்மருத்துவத்தில் கண்காணிப்பு இன்றியமையாதது.

தெரியுமா?
நாய் கடித்தால் காயத்தை ஓடும் நீரில் சோப்பிட்டு 15 நிமிடங்கள் கழுவ வேண்டும். சுண்ணாம்பு, மிளகாய்த்தூள் போன்றவற்றைப் பூசக் கூடாது. உடனே மருத்துவமனைக்குச் சென்று, எல்லாத் தவணை ஊசிகளையும் தவறாமல் இட்டுக்கொள்ள வேண்டும். நோயின் அறிகுறிகள் தோன்றியபின் உயிர் பிழைப்பது மிக அரிது.

நிறைவாக

ஜென்னர் தொடங்கிய முயற்சி 1980இல் நிறைவுற்றது. பெரியம்மை உலகினின்று ஒழிந்ததாக அவ்வாண்டு உலக சுகாதார நிறுவனம் அறிவித்தது. 2014இல் இந்தியா உள்ளிட்ட தென்கிழக்கு ஆசிய மண்டலம் இளம்பிள்ளைவாதம் அற்றதெனச் சான்றளிக்கப்பட்டது. நம் தாத்தா பாட்டியர் சிலரது முகத்தில் காணும் அம்மைத்தழும்பு நம் முகத்தில் இல்லாமைக்கு இந்நெடும்பயணமே காரணம்.

இப்பயணத்தில் பாலிங் போன்ற பேரறிஞரும் தவறினார். எனினும் அவர் கோட்பாடு வீணாகவில்லை. அதனை மறுக்க முயன்றபோதே நினைவு என்னும் உண்மையின் பொருள் விளங்கிற்று. எதிர்க்கருத்தைச் சான்றால் சந்திப்பதும், சான்று மாறியபோது கருத்தை மாற்றிக்கொள்வதும் அறிவியலின் இயல்பு. காணாப் பகைக்கும் விடையை ஆயத்தமாக வைத்திருக்கும் உடல், கண்டதைக் கற்று நினைவில் கொள்ளவும் செய்கிறது. கற்போர்க்கும் அதுவே நெறி.

கற்பவை கற்றபின்

1. உங்கள் வீட்டில் உள்ள தடுப்பூசி அட்டையைப் பார்த்து, எந்தெந்த நோய்களுக்கு எத்தனை தவணைகள் இடப்பட்டுள்ளன எனப் பட்டியலிடுக.
2. ‘அச்சுக் கோட்பாடு – தேர்வுக் கோட்பாடு’ என்னும் பொருளில் வகுப்பறையில் சொற்போர் நிகழ்த்துக. ஒவ்வொரு தரப்பும் சான்றுகளை மட்டுமே முன்வைத்தல் வேண்டும்.
3. வெறிநாய்க்கடி பட்டவருக்குத் தடுப்பூசியோடு ஆயத்த எதிர்ப்பொருளும் தேவைப்படுவது ஏன்? விளக்குக.
4. உங்கள் ஊர் முதியோரிடம் பெரியம்மை பற்றிய நினைவுகளைக் கேட்டுத் தொகுத்து, ஒரு பக்க அளவில் கட்டுரை வரைக.